ஜெர்மன் நாடகத்தில் ஒரு தமிழ் வரி

செங்கம் சாலையில் எங்கள் வீட்டு மாடியில் தங்கியிருந்த ஜெர்மன்காரர் நல்ல உயரம். தலை இடிக்காத வாசலில்கூடக் குனிந்துதான் நுழைவார். அவர் நடிகர். தன் நாட்டு டிவிக்காக நடித்த அரைமணி நேர நாடகத்தை, தனக்குச் சமைத்துப் போடும் என் அம்மாவுக்குக் காட்ட ரொம்ப ஆசைப்பட்டார். அம்மா பள்ளிக்கூடம் போனதில்லை. அதனால் திரையின் அடியில் ஓடிய ஆங்கில வரிகளைப் படித்து நான் தமிழில் சொன்னேன்.

ஒரு சமையலறை, அப்பா, மகள். அவ்வளவுதான் கதை. கடைசியில் அப்பாவாக நடித்த இவர் பெட்டியைத் தூக்கிக்கொண்டு ஒரு வரி பேசினார். 'நான் போகிறேன்' என்று ஆங்கிலத்தில் ஓடியது.

"போயிட்டு வரேம்மா" என்றேன். மகள் கதறி அழுதாள்.

"வரேன்னுதானே சொல்றாரு, அந்தப் பொண்ணு எதுக்குடா அழுவுது?" என்றாள் அம்மா.

அதை அவரிடம் சொன்னேன். "அவன் திரும்பி வரவே மாட்டான். நாடகமே அதுதானே!" என்று ஆங்கிலத்தில் பதறினார்.

அதை அம்மாவிடம் சொன்னேன். "அதுக்காக, கிளம்பறப்ப போறேன்னா சொல்லுவாங்க? சாரை நல்லாக் கேளு!" என்றாள்.

திருத்திச் சொல்லட்டுமா என்று அவரிடம் கேட்டேன். வேண்டாம் என்று தலையாட்டிவிட்டு, கடைசிக் காட்சியை மறுபடி ஓடவிட்டார். திரையில் அவர் வாய் அசைந்தபோது, "போயிட்டு வரேம்மா" என்று அவரே தடுமாறிச் சொன்னார். யாருக்குச் சொன்னார் என்று எனக்கு இன்றுவரை தெரியவில்லை. அம்மா மட்டும், "மகராசனா வாங்க" என்றாள்.