தினம் வந்து முகம் காட்டு

உத்தமபாளையத்துக்குப் பக்கத்தில் நான் சப்-இன்ஸ்பெக்டராக இருந்த ஸ்டேஷன் வாசலில், வேப்பமரத்தடியில் ஒரு நீல பிளாஸ்டிக் நாற்காலி கிடக்கும். ஒரு பக்கக் கைப்பிடி உடைந்து, கம்பி சுற்றிக் கட்டியிருப்பார்கள். புகார் கொடுக்க வருகிறவர்கள் கால் கடுக்க நின்றாலும் அதில் உட்கார மாட்டார்கள். அது யாருக்கான நாற்காலி என்பது ஊருக்கே தெரியும். திருவிழாவில் அடிதடி செய்தவன், பைக்கில் சாகசம் காட்டப் போய் அடுத்தவன் காலை உடைத்தவன், கஞ்சாக்காரர்களோடு மலைப்பக்கம் சுற்றித் திரிந்தவன் என்று யாராவது ஒருவன் காலையில் அதில் உட்கார்ந்து செல்போனை நோண்டிக்கொண்டிருப்பான். எங்கள் இன்ஸ்பெக்டர் மேடம் ஜீப்பிலிருந்து இறங்கியதும் எழுந்து நிற்பான். அவர் மேலும் கீழும் ஒரு பார்வை பார்ப்பார். சாப்பிட்டாயா என்று கேட்பார். அவ்வளவுதான், அவன் போகலாம். மறுநாளும் வர வேண்டும்.

இதுதான் அவருடைய வைத்தியம். "ஏலே, ஒன்னைய உள்ள போட்டா நீ அங்கன பெரிய பெரிய ஆளுகளப் பழகிட்டு வருவ. அதுக்கு இங்கன தெனம் வந்து மொகத்தக் காட்டிட்டுப் போ" என்பார். கேஸ் எழுதாமல் தப்பித்தோம் என்று முதல் வாரம் சிரித்துக்கொண்டே வருவார்கள். மூன்றாவது வாரம் அம்மாக்காரி வந்து, பையன் வெட்கத்தில் சாப்பிட மாட்டேன் என்கிறான் என்று கெஞ்சுவாள். ஊர்க்கண் பார்த்துக்கொண்டே இருந்தால் யாருக்கும் ஆட்டம் போட மனசு வராது என்பது மேடத்தின் கணக்கு. ராயப்பன்பட்டிப் பக்கம் வேதக்காரக் கிறிஸ்தவக் குடும்பத்தில் பிறந்தவர். அப்பா வாத்தியார். அதனாலோ என்னவோ, யாரைப் பார்த்தாலும் பெஞ்சு மேல் ஏற்றி நிறுத்துகிற பார்வைதான். நாங்கள் பின்னால் கேலி செய்வோம், முன்னால் விறைப்பாக சல்யூட் அடிப்போம்.

எங்கோ வெளியூரில் குண்டு வெடித்த சமயத்தில் இளைஞர்களை விசாரிக்கச் சொல்லி மேலிடத்திலிருந்து நெருக்கடி வந்தது. செல்போன் கடையில் வேலை பார்த்த ஒரு முஸ்லிம் பையன் போனில் ஏதோ வெறிப் பேச்சுகளைக் கேட்டுக்கொண்டு, முகம் தெரியாத யாருடனோ பேசிக்கொண்டிருந்தான். அவன் அம்மாவே பயந்துபோய் வந்து சொன்னார். மேடம் அவனையும் அதே நாற்காலியில் உட்காரவைத்தார். பள்ளிவாசலுக்குப் போகிறவர்கள், கோர்ட்டுக்குப் போகிறவர்கள் எல்லாரும் அவனைப் பார்த்தார்கள். போலீஸ் கண்ணில் படுகிறவனிடம் நமக்கென்ன பேச்சு என்று போனில் பேசியவர்கள் ஒதுங்கிக்கொண்டார்கள். அவன் பிழைத்துவிட்டான். இன்றைக்கு அவனுக்குச் சொந்தக் கடை இருக்கிறது. மேடத்துக்கு அதில் அப்படி ஒரு பெருமை. எனக்கும்தான்.

அதற்குப் பிறகுதான் வெளிநாட்டு அமைதிப் பணிக்கு ஆள் எடுக்கிறார்கள் என்று அறிவிப்பு வந்தது. கன்னியாஸ்திரிகளிடம் படித்த மேடத்துக்கு இங்கிலீஷ் தேர்வு ஒரு பொருட்டே இல்லை. கார் ஓட்டும் தேர்வுதான் தொண்டையில் சிக்கிய முள்ளாக இருந்தது. பாவாடை கட்டிய வயதிலேயே டிராக்டர் ஓட்டியவள் என்பதால் நான்தான் குரு. வீரபாண்டித் திருவிழா முடிந்து ராட்டினங்களைக் கழற்றிக்கொண்டு போன பிறகு வெறிச்சோடிக் கிடந்த பொட்டலில் பழகினோம். ஒருநாள் ரிவர்ஸ் எடுக்கிறேன் என்று கரும்புச்சாறு வண்டியை இடித்துவிட்டார். வண்டிக்காரர் அடிபட்ட முழங்காலைப் பிடித்துக்கொண்டே, அம்மா இன்னும் நல்லா ஓட்டுவாக என்று பக்கத்தில் இருந்தவர்களிடம் சொன்னார். இரண்டு பேரும் தேர்வானோம்.

போன நாட்டின் பெயரை எழுதப் போவதில்லை. அங்கே இன்னும் உயிரோடு இருக்கிறவர்களை நினைத்துத்தான். மணலும் முள்மரமும் நிறைந்த பூமி. பயங்கரவாதத்தை ஒழிக்கவென்று ஒரு பணக்கார நாடு அங்கே ஒரு தனிப்படையை உருவாக்கிக் கொடுத்திருந்தது. புது வண்டிகள், இருட்டில் பார்க்கிற கண்ணாடிகள், பூட்ஸ், பயிற்சி எல்லாம் அவர்கள் உபயம். எத்தனை பேரைப் பிடித்தார்கள் என்பதை வைத்துத்தான் அடுத்த வருஷத்து உதவி. பிடிபட்டவர்களில் பலர் வீடு திரும்பவில்லை என்பது சந்தையில் எல்லாருக்கும் தெரிந்திருந்தது. எங்களை அனுப்பியதோ சந்தைக்குப் பக்கத்தில் இருந்த சாதாரண ஸ்டேஷனுக்கு, பெண்கள் புகார் சொல்ல ஒரு மேஜை போட்டு உள்ளூர்ப் பெண் போலீசுக்குக் கைகொடுக்க. தனிப்படையின் வண்டிகள் கழுவித் துடைத்து மின்னும். எங்கள் ஸ்டேஷன் ஜீப்புக்கு டீசல் இருக்காது. ஆனாலும் அந்தப் பயிற்சியாளர்களை நான் குறை சொல்ல மாட்டேன். அவர்களில் நரைத்த தாடிக்காரர் ஒருவர், ரத்தப்போக்கை எப்படி நிறுத்துவது என்று எங்கள் பெண் போலீசுக்கு அவ்வளவு பொறுமையாகச் சொல்லிக்கொடுத்தார். தன் மகள்களின் போட்டோவை எடுத்து எங்களுக்குக் காட்டுவார். தனிப்படைப் பையன்களும் சம்பளத்தில் தங்கையைப் படிக்கவைக்கிற ஏழைகள்தான்.

ஒருநாள் காலை சந்தையில் வெங்காயம் விற்கிற பெண் எங்கள் மேஜைக்கு வந்தாள். மேடத்தின் வயதுதான் இருக்கும். அவள் பேசுவதை எங்களோடு இருந்த உள்ளூர்ப் பெண் போலீஸ் இங்கிலீஷில் சொன்னாள். அவளுடைய மூத்த மகன் பைக் மெக்கானிக். காட்டுக்குள் இருக்கிற ஆயுதக்காரர்கள் அவனிடம் வண்டிகளைச் சரிசெய்ய அனுப்பினார்கள். இப்போது அவனையே வரச் சொல்கிறார்கள். அவன் போய்விடுவான் போலிருக்கிறது. தனிப்படையிடம் சொன்னால் அவனைத் தூக்கிக்கொண்டு போய்விடுவார்கள். இரண்டு பக்கமும் இல்லாமல் ஏதாவது வழி உண்டா என்று கேட்டாள். கேட்டுவிட்டுக் கைவிரல்களில் ஒட்டியிருந்த வெங்காயத் தோலை ஒவ்வொன்றாகப் பிய்த்துக் கீழே போட்டுக்கொண்டே இருந்தாள்.

மேடத்தின் முகம் மலர்ந்ததை நான் பார்த்தேன். இதற்கு என்னிடம் மருந்து இருக்கிறது என்ற மலர்ச்சி. ஸ்டேஷன் அதிகாரியிடம் பேசிச் சம்மதிக்கவைத்தார். மறுநாளிலிருந்து பையன் தினமும் காலையில் வந்து முகம் காட்டிவிட்டுப் போக வேண்டும். பெயர் எந்தப் பட்டியலுக்கும் போகாது. தனிப்படை கேட்டால், இவன் எங்கள் கண்ணிலேயே இருக்கிறான் என்று சொல்லிக்கொள்ளலாம். மொழிபெயர்த்த பெண் தயங்கினாள். இந்த ஊரில் ஒருவன் காலையில் ஸ்டேஷனுக்கு வந்தால் மதியத்துக்குள் சந்தை முழுக்கத் தெரிந்துவிடும் என்றாள்.

மேடம் சிரித்தார். என் பக்கம் திரும்பித் தமிழில், "எல்லாரும் பாக்கட்டும்னுதான ஆத்தா வரச் சொல்றேன்" என்றார். நானும் சிரித்தேன். அந்தப் பெண் சொன்னதை எங்கள் ஊர்க் காதால்தான் நாங்கள் இரண்டு பேரும் கேட்டோம்.

பையன் வந்தான். ஒல்லியான உடம்பு, நகக்கண்ணெல்லாம் கிரீஸ். வாசலில் முள்மரத்தடியில் ஒரு பெஞ்சு போட்டிருந்தோம். சும்மா உட்கார்ந்திருக்க அவனுக்குப் பிடிக்காது. எங்கள் ஜீப்பின் மூடியைத் திறந்து எதையாவது முடுக்கிக்கொண்டிருப்பான். சாப்பிட்டாயா என்று கேட்க மேடம் அந்த ஊர்ப் பேச்சில் கற்றுக்கொண்டார். அவர் கேட்கிற விதத்துக்கு அவன் வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பான். அவன் அம்மா எங்கள் மேஜையில் வெங்காயம் வைத்துவிட்டுப் போவாள். எல்லாம் நம் ஊர் போலவே நடக்கிறது என்று நாங்கள் மனசுக்குள் பூரித்துப்போனோம். காட்டுக்காரர்கள் அவனை விட்டுவிட்டதாக அவனே சொன்னான். அவன் பொய் சொல்லவில்லை. கூப்பிடுவதை அவர்கள் நிறுத்தியிருந்தார்கள்.

ஒரு காலை பெஞ்சு காலியாக இருந்தது. ஊருக்கு வெளியே தண்ணீர்த் தொட்டி அருகில் அவனைச் சுட்டுப் போட்டிருந்தார்கள். தினமும் போலீசுக்குத் தகவல் கொடுத்தவன் என்று பக்கத்திலேயே எழுதிவைத்திருந்தார்கள். எங்களிடம் அவன் சொன்ன தகவல் எல்லாம் ஜீப்புக்கு ஃபேன் பெல்ட் மாற்ற வேண்டும் என்பது மட்டுமே.

அடக்கம் முடிந்து சில நாள் கழித்து அவன் அம்மா வந்தாள். திட்டுவாள், மண்ணை வாரித் தூற்றுவாள் என்று நான் நினைத்தேன். அவள் நின்றுகொண்டே மெல்லிய குரலில் பேசினாள். மொழிபெயர்க்க அந்தப் பெண் போலீசுக்கு வெகுநேரம் பிடித்தது. "தனிப்படையிடம் கொடுத்திருந்தால் ஏதாவது ஒரு சிறை வாசலில் போய் நின்றிருப்பேன். இப்போது எந்த வாசலில் நிற்பது?" என்று கேட்டாளாம். மேடம் எழுந்து நின்றார். தப்பு என்னுடையது என்று சொல்லச் சொன்னார். அந்தப் பெண் போலீஸ் சொன்னாளா, இல்லை வேறு ஏதாவது ஆறுதல் சொன்னாளா என்று எனக்குத் தெரியாது. வெங்காயக்காரி தலையை ஆட்டிவிட்டுப் போய்விட்டாள். மேடத்தின் மேஜையில் நான் டீ கொண்டுபோய் வைத்தேன், அது ஆறிப்போய் ஏடு படிந்து கிடந்தது.

அடுத்து நடந்த கூட்டத்தில் உதவி கொடுக்கிற நாட்டு அதிகாரி ஒருவர், இரக்கம் காட்டினால் இப்படித்தான் ஆகும், ஸ்டேஷனுக்கும் வண்டிகள் தருகிறோம் என்றார். நல்ல மனசோடுதான் சொன்னார். நரைத்தாடிக்காரர் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். மேடம் இங்கிலீஷில் நிதானமாகப் பதில் சொன்னார். நீங்கள் உங்கள் ஊரிலிருந்து வண்டியைக் கொண்டுவந்தீர்கள், நான் என் ஊரிலிருந்து ஒரு வழக்கத்தைக் கொண்டுவந்தேன், இந்த ஊர்க்காரி ஒருத்தி எச்சரித்தாள், நான் சிரித்தேன் என்றார். குறிப்பெடுத்துக்கொண்டிருந்தவர் இதை எழுதவில்லை. வண்டிகள் வந்தன.

மேடம் ஓய்வுபெற்று ஊரில் திராட்சைத் தோட்டத்தைப் பார்த்துக்கொண்டிருக்கிறார். நான் தேனியில் இருக்கிறேன். வெளிநாட்டுப் பணிக்குத் தேர்வானவர்கள் இன்றும் அவரைத் தேடி வருவார்கள். ஊறுகாய் எவ்வளவு கொண்டுபோகலாம், கொசுவலை இங்கேயே வாங்குவதா என்று கேட்பார்கள். எல்லாவற்றுக்கும் பொறுமையாகச் சொல்வார். கடைசியில், மொழிபெயர்க்கிறவர் தயங்கினால் வேலையை அங்கேயே நிறுத்திவிட்டு ஏன் என்று கேளுங்கள் என்பார். ஏன் இதைச் சொல்கிறார் என்று யாரும் கேட்டதில்லை. பயங்கரவாதத்துக்கு எதிராக ஏழை நாடுகளுக்குச் செய்கிற உதவியைப் பற்றிப் பேப்பரில் வரும் நீளமான கட்டுரைகளை நான் விடாமல் படிக்கிறேன். அதில் நல்லது எது கெட்டது எது என்று அடித்துச் சொல்கிறவர்களைப் பார்த்தால் பொறாமையாக இருக்கிறது. எனக்கு நினைவுக்கு வருவது நாங்கள் அங்கிருந்து கிளம்பிய நாள்தான்.

விமானத்துக்குப் போகிற வழி சந்தைக்குள்தான். நான் ஓட்டினேன், மேடம் பக்கத்தில். வெங்காயக்காரியிடம் சொல்லிக்கொள்ளாமல் போக அவருக்கு மனசில்லை. காலையிலிருந்தே தவித்துக்கொண்டிருந்தார். தூரத்தில் வெங்காயக் குவியலுக்குப் பின்னால் அவள் தெரிந்தாள். பக்கத்தில் தராசைப் பிடித்தபடி அவளுடைய சின்ன மகள். நான் வேகத்தைக் குறைத்தேன். மேடம் கதவில் கை வைத்துவிட்டார். அப்போது அவள் எங்களைப் பார்த்தாள். சந்தை முழுக்க ஆட்கள். அவள் முகத்தில் கோபம் இல்லை. வெங்காயத்தின் மேல் இருந்த கையை உயர்த்தாமல், விரல்களை மட்டும் இப்படியும் அப்படியும், வேண்டாம் என்பதுபோல் லேசாக ஆட்டினாள். மறு கையால் மகளைத் தன் முதுகுக்குப் பின்னால் இழுத்துக்கொண்டாள்.

"நிறுத்தாத ஆத்தா, போ" என்றார் மேடம்.

அந்தப் பெண்ணுக்கு எங்களால் செய்ய முடிந்த உதவி அது ஒன்றுதான். நான் நிறுத்தாமல் ஓட்டினேன்.