கரைந்த ஐஸ்

எண்பத்தொன்பதில் யாழ்ப்பாண நகரத்தில் ஒரு டியூட்டரியில் விஞ்ஞானம் படிப்பித்துக்கொண்டிருந்தேன். வட்டுக்கோட்டைத் தோட்டக்காரக் குடும்பத்தில் முதலாவதாகப் பட்டம் எடுத்தவன் என்ற தடிப்பு எனக்கு அப்போது கொஞ்சநஞ்சமில்லை.

ஒருநாள் பூமி சூடாவதைப் பற்றிய பாடம். வடதுருவத்துக் கடலில் மிதக்கும் பனி உருகினால் கடல் உயரும், எங்கள் கரையோரக் கிணறுகள் உப்பாகிவிடும் என்று சொல்லி, கரும்பலகையில் பெரிதாகப் படமும் கீறினேன். பின்வரிசை வாங்கிலிருந்து ஒரு மாணவி எழுந்தாள். நகரத்தை ஒட்டிய கொழும்புத்துறையில் மீன்பிடிக்கிற ஒருவரின் மகள்.

“சேர், மிதக்கிற ஐஸ் கரைஞ்சால் தண்ணி உயராது. அப்பா பரல் பீப்பாயிலை தண்ணியும் ஐஸும் போட்டுத்தான் மீன் வைக்கிறவர். ஐஸ் கரைஞ்சாலும் தண்ணி அதே மட்டத்திலைதான் நிக்கும். நான் பாத்திருக்கிறன்.”

ஒரு நிமிடம் யோசித்திருக்கலாம். எனக்குக் கோபம்தான் வந்தது.

“பிள்ளை, மீன்பரல் விஞ்ஞானத்தை வீட்டிலை வைச்சிட்டு வாரும். இஞ்சை மணக்கும்.”

வகுப்பே சிரித்தது. அவள் வாங்கில் இருந்துவிட்டாள். அந்தப் பகிடியில் இருந்தது, மீன்பிடிக்கிறவர்களைக் கீழாய்ப் பார்க்கும் எங்கள் சாதித் தடிப்பு. சிரித்தவர்களுக்கும் அது தெரியும், எனக்கும் தெரியும்.

வகுப்பு முடிந்ததும் பக்கத்துக் கூல்பாரில் ஒரு கிளாஸில் ஐஸ் போட்டு, விளிம்புவரை தண்ணீர் விடச் சொன்னேன். ஐஸ் விளிம்புக்கு மேலே தலைநீட்டி மிதந்தது. கரைந்து முடியும்வரை பார்த்துக்கொண்டிருந்தேன். ஒரு சொட்டும் வழியவில்லை. மிதக்கும்போதே தன் எடைக்குச் சமமான நீரை ஐஸ் விலக்கிவிடுகிறது. கரைந்தால் அந்த இடத்தைத்தான் நிரப்புகிறது. மிதப்பு விதியை வருடக்கணக்காகப் படிப்பித்த எனக்கு இது உறைக்கவில்லை.

அடுத்த வகுப்பில் திருத்தினேன். தென்துருவத்திலும் கிறீன்லாந்திலும் தரைமேல் கிடக்கும் பனி உருகிக் கடலில் சேர்ந்தால்தான் கடல் உயரும், சூடேறிய கடல்நீர் விரிவதாலும் உயரும் என்றேன். அதோடு நிறுத்தியிருக்கலாம்.

“போன கிழமை உங்களைச் சோதிக்கத்தான் பிழையாய்ச் சொன்னனான். ஒருத்தரும் அதைக் கண்டுபிடிக்கேல்லையே?”

முன்வாங்கில் இருந்தவர்கள் என்னை வியந்து பார்த்தார்கள். இதை எழுதும்போதும் வெட்கத்தில் என் காது சுடுகிறது.

பின்வாங்கில் அவள் நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். வாய் தடுமாறி, “விளங்கினதோ, பிள்ளை?” என்று கேட்டேன்.

“ஓம் சேர்,” என்றாள். பிறகு குனிந்து, தான் சொன்னதையே என் பாடமாகக் கொப்பியில் எழுதத் தொடங்கினாள்.