பற்பசைமேல் குற்றமில்லை

முதலில் ஒரு வெட்கக்கேட்டைச் சொல்லிவிடுகிறேன். பல் தேய்த்துக் கொப்பளிக்கும்போது தண்ணீர் வாயின் இடது ஓரமாக ஒழுகியது. பற்பசையில்தான் கோளாறு என்று நான்கு நாள் நம்பினேன். ஐந்தாம் நாள் அதைத் திருப்பிக் கொடுக்கக் குன்னூர் மார்க்கெட்டுக்கே போனேன்.

கடைக்காரர் பசையைப் பார்க்கவில்லை, என்னைப் பார்த்தார்.

“ஏனுங்க, பசை நல்லாத்தானுங்க இருக்குது. வாய்தானுங்க ஒரு பக்கமாப் போயிருக்குது.”

மருத்துவர் முகவாதம் என்றார் (முகத் தசைகளை இயக்கும் நரம்பு வீங்கி, ஒரு பாதி அசையாமல் போவது). பக்கவாதம் இல்லையாம். “மூணு நாளைக்குள்ள வந்திருந்தா மாத்திரை நல்லாக் கேட்டிருக்குமுங்க.” ஸ்டீராய்டு (வீக்கத்தைக் குறைக்கும் மருந்து) எழுதினார். மூடாத கண்ணுக்குச் சொட்டு மருந்து, தூங்கும்போது பிளாஸ்திரி. உங்களுக்கு இப்படி நேர்ந்தால் கடைக்குப் போகாதீர்கள்.

நான் பட்டிமன்ற மேடைகளில் சிரிக்கவைத்துப் பிழைப்பவன். வேறு தொழில் தெரியாது. ஆனாலும் பயம் வரவில்லை. அதுவும் மரத்துவிட்டதோ என்னவோ. கன்னத்தில் ஒட்டிய சட்னியை மனைவி துடைத்துவிடுவாள். வேறு யாருக்கோ துடைப்பதுபோல் உட்கார்ந்திருப்பேன்.

எங்கள் மாடியில் குடியிருந்த ஐரீன், கீழ் கோத்தகிரி எஸ்டேட்டில் பிறந்த வெள்ளைக்காரர். பதினான்கு வயதில் இங்கிலாந்து போய், அங்கே டெலிவிஷன் நாடகங்களில் சின்ன வேடங்களில் நடித்து, வயதானபின் திரும்பியவர். ஆயாவிடம் கற்ற தமிழ், எல்லாருக்கும் ‘நீ’தான்.

“எனக்கும் வந்திச்சி, முப்பது வயசிலே. முழுசாத் திரும்பலே,” என்றார்.

“அப்புறம் நடிப்புங்க?”

“அப்புறம்தான் வேலை. அதுக்கு முந்தி கதாநாயகிக்குத் தோழி, ரெண்டு வருசத்துக்கு ஒண்ணு. அப்புறம் ரூம் வாடகைக்கு விடறவ, ஜெயில் வார்டர், பொணத்தை மொதல்லே பாக்கறவ. இருவது வருசம் சும்மா இருக்கலே.”

ஒரு வீடியோ கேசட் போட்டுக் காட்டினார். அதில் ஐரீன் கதவைத் திறக்கிறார். அப்படி யாரும் இங்கே இல்லை என்கிறார். மூடுகிறார். அவ்வளவுதான். கோணிய அந்த உதட்டை ஏழு முறை ஓடவிட்டுப் பார்த்தேன். கோணல்தான் இனி என் மூலதனம் என்று முடிவு செய்தேன்.

மூன்று மாதம் கண்ணாடிமுன் பயிற்சி. முகம் முக்கால்வாசி திரும்பியது. டீ உறிஞ்சினால் இடது கண் தானாக மூடிக்கொள்கிறது (மீண்டும் வளரும் நரம்பு வழிதவறி வேறு தசைக்குப் போய்விடுவது). சிரிப்பு வலப்பக்கம் வந்துவிடுகிறது. இடப்பக்கம் சற்றுப் பொறுத்து வந்து சேர்கிறது. அந்த இடைவெளியில்தான் இப்போது நான் வசிக்கிறேன்.

நோய்க்குப் பின் முதல் மேடை ஊட்டியில். கோணல் வாயைக் கேலி செய்தே பேசினேன், சிரித்தார்கள். மேடையிலிருந்து இறங்கி, முன்வரிசையில் இருந்த ஐரீனிடம் போனேன்.

“கோணலை வெச்சே பொழைக்கலாம்னு உங்களைப் பாத்துத்தானுங்க தெரிஞ்சுக்கிட்டேன்.”

“மூஞ்சிக்காகக் கூப்பிட்டாங்கன்னு யாரு சொன்னா? நான் டயத்துக்குப் போயிருவேன். நீ இன்னைக்கு அரை மணி லேட்டு.”