கடைசிக் கதிரை

ஓக்லாந்தில் எங்கள் தமிழ்ச் சங்கத் தலைவரின் மருமகன் ஒரு அமெரிக்கர். ஆறடிக்கு மேல் உயரம். வலத் தோள் சற்றுச் சரிந்திருக்கும். வாயில் எந்நேரமும் சூரியகாந்தி விதை.

தொண்ணூறுகளில் ஒரு சனிக்கிழமை, ஆண்டு விழாவுக்காக பிளாக்ஹவுஸ் பே மண்டபத்தில் நாங்கள் கதிரைகளை அடுக்கிக்கொண்டிருந்தோம். அவர் சுவரோரம் உட்கார்ந்து விதை கொறித்து, உமியைக் கோப்பைக்குள் துப்பிக்கொண்டிருந்தார்.

"மாப்பிள்ளைக்கு ஒரு மெத்தையும் போட்டுக் குடுங்கோவன்," என்றாள் என் மனைவி.

நாங்கள் கடைசி வரிசைக்கு வந்தபோது அவர் எழும்பினார். கையை நாலு தரம் சுழற்றிக்கொண்டார். கடைசிக் கதிரையைத் தூக்கி வந்து வைத்துவிட்டு எல்லோருக்கும் கைகொடுத்தார்.

எனக்குப் பொறுக்கவில்லை. "இவ்வளவு நேரமும் என்ன செய்தீர்கள்?" என்று ஆங்கிலத்தில் கேட்டேன்.

"காத்திருந்தேன். பேஸ்பாலில் எனக்கு அதுதான் தொழில்," என்றார். "மற்றவர்கள் எறிந்து களைத்த பிறகு, முடிவில் நான் இறங்கிக் கொஞ்சப் பந்து எறிவேன். வென்றால், ஆட்டத்தைக் காப்பாற்றியவன் என்று என் பெயரைத்தான் எழுதுவார்கள்."

அப்போதுதான் தலைவர் கோட்டும் சூட்டுமாக வந்து சேர்ந்தார். ஒரு கதிரையை அரை அங்குலம் நகர்த்திவிட்டு ஒலிவாங்கியைப் பிடித்தார். "இந்த மண்டபத்தை ஒழுங்குபடுத்த நாங்கள் என்ன பாடுபட்டனாங்கள் தெரியுமோ!"

எல்லோரும் கைதட்டினோம்.

தலைவர் சொன்னதை நான் ஆங்கிலத்தில் சொன்னதும் மருமகன் மெல்லுவதை நிறுத்தினார். கிண்டலோ, தொழில் மரியாதையோ, இன்றுவரை எனக்குப் பிடிபடவில்லை. முகத்தில் சிரிப்பே இல்லாமல் என்னிடம் கேட்டார்:

"என் மாமனார் எந்த அணிக்கு எறிந்தவர்?"