களத்துக்குள் சொல்லாத சொல்

நெற்களத்தில் வாயைத் திறக்கும்முன் யோசிக்க வேண்டும். எங்கள் ஊரான நானாட்டான் பக்கத்துப் பிள்ளைகளுக்கு இது பால்குடியிலேயே தெரிந்துவிடும். கதிரைச் சூடு அடித்து நெல்லைப் பிரித்துக் குவிக்கும் இடத்தில் ‘இல்லை’, ‘முடியாது’, ‘ஏலாது’ என்ற சொற்களுக்கு இடமில்லை. சொன்னால் பொலி, அதாவது குவியும் நெல்லின் பெருக்கம், இறங்கிப் போகும். தண்ணீர் தீர்ந்தால்கூட, “குடம் நிறையப்போகுது” என்றுதான் சொல்வோம். “தவளை மட்டுமோ, வயலும் வாயாலைதான் கெடும்” என்பார் அப்பா.

எனக்கு எட்டு வயதான அந்த வருடம் வீட்டில் ஒரே இழுபறி. அப்பாவின் தங்கை, அதாவது என் மாமி, தன் பங்கு வயலைத் தானே விதைக்கப்போவதாக ஒற்றைக்காலில் நின்றார். அப்பாவோ அதை முசலியில் ஒருவருக்குக் குத்தகைக்குக் கொடுக்கப் பேசி வைத்திருந்தார். மாமி எத்தனை தரம் கேட்டாலும் பதில் ஒன்றுதான்: “ஏலாது. கதையை விடு.”

சூடு அடித்த அன்று உழவு இயந்திரம் கதிர்களின் மேல் சுற்றிச் சுற்றி ஓடி ஓய்ந்தது. அப்பா “பொலி, பொலி” என்றபடி நெல்லைக் குவித்துக்கொண்டிருந்தார். மாமி நெல் புடைக்கும் சுளகோடு வந்து களத்தின் நடுவே நின்றார்.

“அண்ணை, வாற மாரிக்கு என்ரை வயலை நானே விதைக்கட்டோ?”

அப்பாவின் வாய் திறந்தது. பிறகு மூடியது. வேலைக்கு வந்தவர்கள் குனிந்துகொண்டு சிரித்தார்கள்.

“என்னண்ணை, தொண்டையிலை பொலி சிக்கிட்டுதோ?”

“உனக்கு இருக்கிறது நாக்கோ, அரிவாளோ?”

“ரெண்டும்தான். விதைக்கட்டோ?”

“பொலியட்டும், பொலியட்டும்” என்று முணுமுணுத்துவிட்டு அப்பா களத்தை விட்டு இறங்கினார். வெளியே எந்தச் சொல்லுக்கும் தடையில்லை. மாமியின் சிரிப்பு நின்றுபோனது. சுளகை இறுக்கிப் பிடித்தபடி அப்பாவின் வாயையே பார்த்தார்.

அப்பா அவசரப்படாமல் ஆறுதலாகத் தேத்தண்ணீர் குடித்தார். மறந்துவிட்டாராக்கும் என்று எனக்குத் தவிப்பு.

“அப்பா, இப்ப வெளியிலைதானே நிக்கிறியள். இனிச் சொல்லலாம்.”

“தெரியுமடி, வாயாடி” என்றவர், மாமியின் பக்கம் திரும்பி, “விதைநெல்லைப் புறம்பாய்க் கட்டி வை. பதர் கலந்திடும்” என்றார்.

தெரிந்தும் அப்பா ஏன் அந்தச் சொல்லைச் சொல்லவில்லை, கேட்டது கிடைத்த மாமி ஏன் சுளகால் முகத்தை மூடிக்கொண்டு நின்றார் என்று அன்று எனக்குக் கொஞ்சமும் விளங்கவில்லை.