ஒத்திக்கு விட்ட வீடு

ஜேடர்பாளையத்திலிருந்து பரமத்தி போகும் பாதையில், வாய்க்காலை ஒட்டி இருந்த அந்த வீட்டுக்கு ஆத்தாயி மருமகளாக வந்து ஆறு வருஷம்தான் ஆகியிருந்தது. அதற்குள் வீடு அடுத்தவர் கைக்குப் போய்விட்டது. விற்கவில்லை, ஒத்திக்கு விட்டார்கள்.

1926ஆம் வருஷம் அது. அவள் புருஷன் சின்னண்ணனுக்கு மூத்தவர் சுப்பையன். கோயமுத்தூர்ப் பக்கம் போய்ப் பஞ்சு வியாபாரம் செய்யப் போவதாகச் சொல்லி, தன் பங்கைப் பிரித்துக் கேட்டார். நிலத்தை அளந்து பிரித்துவிட்டார்கள். வீட்டை என்ன செய்வது? நடுவே ஒரு சுவர் எழுப்பினால் போதும் என்றார்கள் ஊரில். சின்னண்ணனுக்கு மனசு வரவில்லை. அப்பன் கட்டின வீட்டைக் கூறு போட மாட்டேன், அண்ணன் பங்குக்கு ஐந்நூறு ரூபாய் ரொக்கமாகக் கொடுத்துவிடுகிறேன் என்று வாக்குக் கொடுத்துவிட்டார். கையில் அத்தனை ரூபாய் கிடையாது.

அப்போது வந்தவர்தான் அருணகிரி. வெல்ல வியாபாரி. வண்டிப் பாதையில் மூட்டை அடுக்க இடமும் குடியிருக்க வீடும் தேடிக்கொண்டிருந்தார்.

"வட்டிங்கற பேச்சே இல்லீங்க கவுண்டரே" என்றார். "எனக்கு நீங்க வட்டி தர வேண்டாம், உங்களுக்கு நான் வாடகை தர வேண்டாம். எட்டு வருஷம் கழிச்சு இதே ஐந்நூறக் குடுத்துட்டு ஊட்டத் திருப்பிக்கங்க."

சின்னண்ணன் அன்றைக்கு வீட்டுக்குள் வந்தபோது முகம் தெளிந்திருந்தது. வட்டிக்கு வாங்கி அழிந்தவர்கள் நாலைந்து பேரை அவருக்குத் தெரியும். "அது ராத்திரியும் பகலும் ஏறிக்கிட்டே கெடக்கும். இது தூங்கற கடன், ஆத்தாயி" என்றார்.

பரமத்தி போய்ப் பத்திரம் எழுதினார்கள். எழுதுகிறவர் கடைசியில் ஒரு வரியை வாசித்தார். வீட்டுக்காரர் சம்மதத்தோடு செய்யும் மராமத்துச் செலவு அசலோடு சேரும் என்பது அந்த வரி. சின்னண்ணன் தலையாட்டினார். பனையோலைக் கூரை வீட்டில் மராமத்து என்ன பெரிதாக வந்துவிடப் போகிறது?

வீட்டுக்குப் பின்னால், களத்துக்கு அந்தப் பக்கம், சோளத் தட்டுப்போர் ஓரமாக ஒரு சாளை இருந்தது. கலப்பையும் பருத்திக்கொட்டையும் போட்டு வைக்கிற குடிசை. மண்சுவரைக் கொஞ்சம் உயர்த்தி, ஒரு அடுப்பைப் போட்டுக்கொண்டு, நாலு வயசு மகள் குப்பாயியோடு அங்கே குடிபோனார்கள். எட்டு வருஷம்தானே என்று ஆத்தாயி நினைத்துக்கொண்டாள்.

முதல் சில வருஷம் பெரிதாக ஒன்றும் தெரியவில்லை. வீட்டிலிருந்து வெல்ல வாசனை வரும். அதன் பின்னாலேயே எறும்பு சாரி சாரியாகக் களத்தைத் தாண்டிச் சாளைக்கு வரும். சோற்றுப் பானையைத் தண்ணீர்த் தட்டத்தில் வைக்கப் பழகிக்கொண்டாள். அருணகிரியின் மனைவி ஜானகியம்மாள் நல்ல மாதிரி. பண்டிகைக்குப் பலகாரம் கொடுத்தனுப்புவாள். முகம் சுளித்து ஒரு வார்த்தை பேசியதில்லை.

முப்பதாம் வருஷம் ஐப்பசி மழை விடாமல் பெய்தது. கூரை ஒழுகி மூட்டை மூட்டையாக வெல்லம் கரைந்தது. ஓடு போட்டுக்கொள்ளலாமா என்று அருணகிரி கேட்டார். "தாராளமாப் போடுங்க" என்றார் சின்னண்ணன். சீமை ஓடு வண்டி வண்டியாக வந்து இறங்கியது. வாய்க்கால்கரை வீடுகளிலேயே முதல் ஓட்டு வீடு அதுதான். பார்க்க வந்தவர்களெல்லாம் சின்னண்ணனைப் பார்த்துத்தான், "ஊடு மச்சு மாளிகை மாதிரி ஆயிருச்சே" என்றார்கள். அவரும் பாதையில் நின்று சிரித்துக்கொண்டே கேட்டார். அருணகிரி நீட்டிய சீட்டில் நூற்றெண்பது ரூபாய்க்குக் கையெழுத்துப் போட்டதை ஆத்தாயியிடம் சொல்லவில்லை.

மூன்று வருஷம் கழித்து ஒரு காலையில் கல் வண்டிகள் வந்தன. பலகைக் கற்கள். உள்ளே தரை பெயர்க்கிற சத்தம் கேட்டது. ஆத்தாயி ஜானகியம்மாளிடம் போய் விசாரித்தாள்.

"ஈரம் ஏறி வெல்லமெல்லாம் கசியுதுன்னு கல்லுப் பாவறாங்க அம்மிணி. உங்க ஊட்டுக்காரர்கிட்டச் சொல்லியாச்சே? அவரு கணக்குலதான் எழுதியிருக்கு" என்றாள் ஜானகியம்மாள், சாதாரணமாக.

ஆத்தாயி நேரே வயலுக்குப் போனாள். சின்னண்ணன் மடை திருப்பிக்கொண்டிருந்தார்.

"ஏனுங்க, கல்லுக்கு நாம காசு குடுக்கோணுமா?"

"நம்ம ஊடுதானே. கல்லு ஆருக்குப் போகுது?"

"நம்ம ஊடுன்னா நாம உள்ள போவோணுமல்லங்க. இப்ப மொத்தம் எத்தனை ஆயிருக்குது?"

அவர் மண்வெட்டியைக் கழுவுகிற மாதிரி குனிந்துகொண்டார். இன்னொரு தடவை கேட்ட பிறகு சொன்னார். "தொள்ளாயிரத்துக்கும் கொஞ்சம் மேல."

அவள் வரப்பிலேயே உட்கார்ந்துவிட்டாள். அந்தக் கடன் தூங்கவில்லை. தலைமாட்டில் உட்கார்ந்துகொண்டு வளர்ந்திருக்கிறது.

அதற்கப்புறம் அந்த வீட்டிலிருந்து வருகிற எந்தச் சத்தமும் அவளுக்கு ஆகவில்லை. ஆணி அறைந்தால் எத்தனை அடி என்று எண்ணுவாள். பாதையில் வண்டி மெதுவாக நின்றால், அடுப்பை விட்டு எழுந்து என்ன இறக்குகிறார்கள் என்று பார்ப்பாள். வெல்லமாக இருந்தால் திரும்பி வருவாள். சுண்ணாம்பாகவோ மரமாகவோ இருந்தால் அன்றைக்குச் சோறு இறங்காது. வீடு அழகாக இருக்கிறது என்று யாராவது சொன்னால் எரிச்சல் வந்தது. ஒரு மழையில் பின்பக்கச் சுவர் ஓதம் ஏறி உதிர்ந்தபோது மனசுக்குள் சந்தோஷமாக இருந்தது. சொந்த வீடு உதிர்வதைப் பார்த்துச் சந்தோஷப்படுகிறோமே என்று பிறகு வெட்கமாகவும் இருந்தது. அதற்குள் அடுத்த பயம் வந்துவிட்டது. உதிர்ந்த சுவரையும் அவர்தானே பூசுவார்?

முப்பத்துநாலில் கெடு முடிந்தது. நெல்லும் வெல்லமும் அடிமாட்டு விலைக்குப் போய்க்கொண்டிருந்த காலம். சேர்த்து வைத்தது முந்நூறு ரூபாய் தேறவில்லை. சின்னண்ணன் தயங்கித் தயங்கி அருணகிரியிடம் போய் நின்றார்.

"இதுக்கெல்லாம் கூச்சப்படலாமுங்களா? எனக்கு ஒண்ணும் அவசரமில்லை. இருக்கறப்பக் குடுங்க" என்றார் அருணகிரி. மனசாரத்தான் சொன்னார்.

சின்னண்ணன் நிம்மதியாகத் திரும்பி வந்தார். ஆத்தாயிக்கு அந்த வார்த்தைதான் ஆகவில்லை. வாசலில் வந்து நின்று வட்டி கேட்கிறவனாக இருந்தால், பயத்திலாவது ஓடியாடி அடைத்திருப்போம் என்று தோன்றியது.

அந்த வருஷமே வாய்க்கால் ஓவர்சியர் ஒருவர், நாலு வீடு தள்ளி ஓர் ஓலை வீட்டை மாசம் ஐந்து ரூபாய் வாடகைக்குப் பிடித்தார். அந்த வீட்டுக்காரி பாவாயி தண்ணீர்த் துறையில் பெருமையாகச் சொல்லிக்கொண்டிருந்தாள். ஆத்தாயி குடத்தை இடுப்பில் வைத்தபடி நின்றாள். அந்த வீடு இவர்கள் வீட்டில் பாதிகூட இருக்காது. அதற்கே மாசம் ஐந்து என்றால் வருஷத்துக்கு அறுபது. எட்டு வருஷத்தில் அவர்கள் வாங்கின ஐந்நூறு அந்த வழியாகவே போய்ச் சேர்ந்துவிட்டது. பிறகும் ஐந்நூறு அப்படியே நிற்கிறது, அதன் மேல் ஓடும் கல்லும் ஏறி உட்கார்ந்திருக்கின்றன. வட்டி இல்லை என்றாரே? மாசா மாசம் வட்டி போய்க்கொண்டுதான் இருந்திருக்கிறது. கையால் எண்ணிக் கொடுக்காததால் தெரியவில்லை.

சின்னண்ணனிடம் இதைச் சொன்னபோது அவர் "அண்ணன் கேட்டப்பவே சொவரு வெச்சிருக்கலாம்" என்று மட்டும் சொன்னார். அன்றிலிருந்து பாதையில் நின்று ஊரார் பேச்சைக் கேட்பதை விட்டுவிட்டார்.

குப்பாயிக்குப் பதினைந்து வயசில் மாப்பிள்ளை அமைந்தது. கல்யாணத்துக்கு வீட்டு முன்பக்கத்தை இரண்டு நாள் விட்டுத் தர முடியுமா என்று ஆத்தாயி ஜானகியம்மாளிடம் கேட்டாள். ஜானகியம்மாள் மூட்டைகளை எல்லாம் ஒதுக்கிக் கொடுத்து, வாசலுக்கு அவளே கோலமும் போட்டாள். மாப்பிள்ளை வீட்டுப் பெரியம்மா கிளம்பும்போது ஜானகியம்மாள் கையைப் பிடித்துக்கொண்டு, "உங்க ஊட்டுல ஒரு கொறையுமில்லாம நடந்துச்சுங்க" என்றாள். ஆத்தாயி பக்கத்தில் வெற்றிலைத் தட்டோடு நின்றிருந்தாள்.

மறு வருஷம் கண்ணுசாமி ஆசாரி நூல்கயிறோடு வந்தார். வீட்டுக்கு மேலே ஒரு மச்சு எடுக்கப் போகிறார்களாம். அவர் சுவரை அளந்துகொண்டிருக்கும்போதே ஆத்தாயி களத்தைத் தாண்டி வந்தாள். பன்னிரண்டு வருஷத்தில் கேட்காமல் அந்த வாசலை மிதித்தது அன்றுதான்.

"ஆசாரி, கயித்தச் சுத்துங்க. வேலை வேண்டாம்."

"மொதலாளி சொன்னாங்களே ஆத்தா."

"இந்த ஊட்டுக்காரி நானு. நான் வேண்டாங்கறேன்."

சத்தம் கேட்டு அருணகிரி வெளியே வந்தார். அவருக்குக் கோபம் வரவில்லை. நிதானமாகவே சொன்னார். "அம்மிணி, இப்பவே கணக்கு ஆயிரத்து எண்பது நிக்குது. கதவு மாத்துனது, முன்னால பந்தல் போட்டது எல்லாஞ் சேத்தி. இத நீங்க திருப்பறது செரமம். மேல ஒரு எரநூறு வாங்கிக்கிட்டுக் கெரயம் பண்ணிக் குடுத்துருங்க. சாளையும் களமும் உங்களுக்கே இருக்கட்டும்."

இத்தனை வருஷமாகப் பயந்தது கிரயம் என்ற இந்த வார்த்தைக்குத்தான் என்று ஆத்தாயிக்கு அப்போதுதான் தெரிந்தது. "எங்க ஊட்டுக்காரர வரச் சொல்றனுங்க" என்று மட்டும் சொல்லித் திரும்பினாள். ஆசாரி கயிற்றைச் சுற்றி மடியில் வைத்துக்கொண்டார்.

மூன்றாம் நாள் சின்னண்ணன் ஊர் மணியக்காரர் வெங்கடாசலத்திடம் போனார். மணியக்காரர் இரண்டு தரப்பையும் அழைத்தார். அருணகிரி சீட்டுகளைக் கொண்டுவந்து வரிசையாக வைத்தார். எல்லாவற்றிலும் சின்னண்ணன் கையெழுத்து. சின்னண்ணன் தலை குனிந்து நின்றார்.

"கையெழுத்து உம்முதுதானே?" என்றார் மணியக்காரர்.

"ஆமாங்க."

"அப்பறம் என்ன சொல்றீரு?"

கதவோரம் நின்ற ஆத்தாயி பேசினாள். "நாஞ் சொல்றனுங்க. ஓடு மழைக்குப் போட்டது. அது நாயம். அதுக்குக் குடுத்தர்றோம். கல்லும் கதவும் பந்தலும் அவிய வியாபாரத்துக்குப் போட்டுக்கிட்டது. அது எங்களுக்கு வேண்டாமுங்க. கழட்டிக்கிட்டுப் போகட்டும்."

அருணகிரி அவளைத் திரும்பிப் பார்த்தார். "பாவுன கல்லப் பேத்தா ஊடு கந்தலாப் போயிருமே அம்மிணி. பன்னண்டு வருஷமா நான் கண்ணா வெச்சிருக்கறனே."

"தெரியுமுங்க. மண்ணுத் தரையில இருந்துக்கறோம்."

சின்னண்ணன் ஏதோ சொல்ல வாயெடுத்தார். அந்தக் கல் தரையில் ஒருநாளாவது படுக்க வேண்டும் என்று அவருக்கு ஓர் ஆசை இருந்தது. பிறகு அவரும் தலையாட்டினார்.

மணியக்காரர் கணக்குப் போட்டுத் தீர்ப்பைச் சொன்னார். அசல் ஐந்நூறு, ஓட்டுக்கு நூற்றெண்பது, கல் பாவின கூலியில் பாதியாக நாற்பது. கல், கதவு, பந்தல் சாமான் எல்லாம் அருணகிரிக்கு. மூன்று மாசக் கெடு. அருணகிரி ஒத்துக்கொண்டார். கோர்ட்டுக்குப் போனால் வருஷக்கணக்கில் இழுக்கும் என்று அவருக்கும் தெரியும்.

பணத்துக்கு வாய்க்கால் பாசன நிலத்தில் ஓர் ஏக்கரை விற்றார்கள். விலை போகாத காலமாதலால் கேட்ட விலைக்குத்தான் கொடுக்க வேண்டியிருந்தது. குறைந்ததற்கு ஆத்தாயியின் கழுத்துச் சரடும் ஒரு சோடி எருதும் போயின. அந்த ஏக்கர் வருஷம் இரண்டு போகம் நெல் விளைந்த வயல். அதற்கப்புறம் அவர்கள் கோடையில் நெல் விலைக்கு வாங்கித்தான் சாப்பிட்டார்கள். ஒவ்வொரு தடவையும் வாங்கி வந்த நெல்லை அளக்கும்போது, இதுவும் அந்த ஐந்நூறோடு சேர்ந்ததுதான் என்று ஆத்தாயிக்குத் தோன்றும்.

அருணகிரி குடும்பம் பரமத்திக்குப் பக்கத்திலிருந்த வேலூருக்குப் போனது. கற்களைக் கடப்பாரை போட்டுப் பெயர்த்தார்கள். பாதி உடைந்தது. உடையாததை வண்டியில் ஏற்றினார்கள். ஜானகியம்மாள் கிளம்பும்போது அழுதாள். அவளுடைய இரண்டு பிள்ளைகள் அந்த உள்ளறையில்தான் பிறந்தவர்கள். "ஏதாச்சும் மனசு நோகற மாதிரி நடந்திருந்தா மறந்திரு" என்றாள். ஆத்தாயி அவள் பெட்டியைத் தூக்கி வண்டியில் வைத்தாள்.

உள்ளே தரை குண்டும் குழியுமாகக் கிடந்தது. கதவு இல்லாத நிலைகளில் சாக்கைக் கட்டினார்கள். மண் கொட்டித் திமிசுக் கட்டையால் இடித்துச் சாணி மெழுகி முடிக்க ஒரு மாசம் ஆனது. சின்னண்ணன் மட்டும் கோடை முழுக்கச் சாளையிலேயே படுத்தார். கேட்டால் காற்று நன்றாக வருகிறது என்பார். பாதையில் வண்டி நின்றால் ஆத்தாயி இன்னமும் எழுந்து எட்டிப் பார்த்தாள்.

ஆடி மாசம் குப்பாயி தலைப்பிரசவத்துக்கு வந்தாள். புருஷன் வண்டியை வீட்டு வாசலில் நிறுத்தினான். ஆத்தாயி ஆரத்தித் தட்டை எடுத்து வருவதற்குள் குப்பாயி இறங்கி, பையை எடுத்துக்கொண்டு, வீட்டைச் சுற்றிக் களத்து வழியாகச் சாளைக்கு நடந்து போய்விட்டாள்.

"அங்க எங்க சாமி போற? ஊடு இங்க இருக்குது" என்று ஆத்தாயி கூப்பிட்டாள்.

குப்பாயி திரும்பி நின்று வீட்டையும் அம்மாவையும் பார்த்தாள். "மறந்துட்டேம்மா" என்றாள். ஆனால் அங்கேயே நின்றாள். ஆத்தாயி தட்டை வைத்துவிட்டுப் போய் அவள் கையைப் பிடித்துக் கூட்டி வர வேண்டியிருந்தது.