ஒட்டகச்சிவிங்கியின் சிவப்புப் புள்ளி

தெருவில் அவருக்கு ஒட்டகச்சிவிங்கி என்று பெயர். ஆறடிக்கு மேல் உயரம், தையல் மெஷினில் குனிந்து குனிந்தே முன்னால் நீண்டுபோன கழுத்து. வேறு என்ன பெயர் வைப்பார்கள்? அவருக்கு அதில் வருத்தம் இல்லை. வானத்திலும் அந்தப் பெயரில் ஒன்று இருப்பது இந்த அறிவாளிகளுக்குத் தெரியாதே என்று உள்ளுக்குள் சிரித்துக்கொள்வார்.

வடக்கே, துருவ நட்சத்திரத்தை ஒட்டி இருக்கிறது அந்த ஒட்டகச்சிவிங்கி நட்சத்திரக் கூட்டம். கூட்டம் என்பது மரியாதைக்குச் சொல்வதுதான். அத்தனையும் மங்கல். பக்கத்திலேயே சப்தரிஷி மண்டலம் இருக்கும் பெருங்கரடி பளிச்சென்று நிற்கும்போது இதை யார் சீந்துவார்கள்? அதில் ஒரு சிவப்பு நட்சத்திரம் மாதக்கணக்கில் மங்கும், மாதக்கணக்கில் தேறும். கடையைப் பூட்டியதும் அவர் மொட்டைமாடிக்குப் போய், சின்னத் தொலைநோக்கியில் வலது கண்ணை வைத்து, பக்கத்து வெள்ளை நட்சத்திரங்களோடு ஒப்பிட்டு, இன்று அது எவ்வளவு பிரகாசம் என்று ஓர் எண் போடுவார். மாதக் கடைசியில் எண்கள் எல்லாம் நட்சத்திரம் பார்ப்போர் சங்கத்துக்குப் போகும். "வேலையத்தவன் பூனையப் பிடிச்சு செரைச்சானாம்" என்பாள் மனைவி. சொல்லிக்கொண்டே பக்கத்தில் உட்கார்ந்து எண்ணை எழுதுவதும் அவள்தான்.

அவள் போய் ஆறு வருஷம் ஆகிறது. பிள்ளை குட்டி இல்லை. அளவு கொடுக்க வருகிறவர்கள் இடுப்பு, தோள், கை நீளம் தாண்டி எதுவும் பேசுவதில்லை. சங்கத்திலிருந்து மட்டும் மாதம் ஒரு வரி வரும்: பெற்றுக்கொண்டோம், நன்றி. அந்த ஒரு வரிக்காக அவர் மாதம் முழுக்கக் காத்திருந்தார்.

இந்த வருஷம் புரை முற்றி, வலது கண்ணுக்கு ஆபரேஷன் நடந்தது. கட்டு அவிழ்த்த பிறகு கடையைத் திறந்தவர் திகைத்துப்போனார். வெள்ளை நூல்கண்டுகளுக்கு நடுவே சந்தன நிறக் கண்டுகளும் கலந்து கிடந்தன. எத்தனை வெள்ளைச் சட்டைக்கு எந்த நூலைப் போட்டாரோ! காமாலைக் கண்ணுக்குக் கண்டதெல்லாம் மஞ்சள் என்பது சும்மாவா என்று தன்னையே கேலி செய்துகொண்டார்.

அன்று மாலை மாடி ஏறும்வரைதான் அந்தச் சிரிப்பு. புதுக் கண்ணில், பக்கத்து வெள்ளையைவிடச் சிவப்பு நட்சத்திரம் நன்றாகவே மங்கியிருந்தது. இடது கண்ணை வைத்தார். அதில் இன்னும் புரை உண்டு. இப்போது இரண்டும் சமம். புரை வெள்ளையின் ஒளியைத் தின்றுவிட்டுச் சிவப்பை மட்டும் விட்டுவைத்திருக்கிறது. வலது கண்ணும் இத்தனை நாள் இதைத்தானே செய்திருக்கும்? கீழே போய் நோட்டைப் புரட்டினார். நடுவில் ஏறி இறங்கினாலும், ஆறு வருஷமாக எண்கள் மெல்ல மெல்ல ஒரே பக்கமாக நகர்ந்திருந்தன. நட்சத்திரம் தேறுகிறது என்று அவர் சந்தோஷப்பட்ட வருஷங்கள் அவை.

சொல்லாவிட்டால் யாருக்கும் தெரியப்போவதில்லை. சொன்னால் ஆறு வருஷமும் குப்பைக்குப் போகும். அப்புறம் அந்த நன்றி வருமோ வராதோ. மனைவி போனபின் அவர் உருப்படியாகச் செய்தது அது ஒன்றுதான். நாலு நாள் சோறு இறங்கவில்லை. ஐந்தாம் நாள் உள்ளதை உள்ளபடி சங்கத்துக்கு எழுதிப் போட்டார்.

பதிலுக்கு போன் வந்தது. சங்கத்தின் செயலாளர், சின்ன வயசுப் பெண். இத்தனை வருஷத்தில் அந்தச் சங்கத்திலிருந்து அவர் காதில் விழுந்த முதல் குரல் அதுதான். அந்த எண்களை எடுத்துவிட வேண்டியிருக்கும் என்று அவள் தயங்கித் தயங்கிச் சொன்னாள். எடுத்துக்கொள்ளட்டும் என்றவர், அதே நாட்களில் வேறு யாராவது பார்த்திருக்கிறார்களா என்று கேட்டார்.

"யாரும் இல்லைங்க ஐயா. நீங்க ஒருத்தர்தான். அந்த ஆறு வருஷத்துக்கு நேரா 'பார்க்கப்படவில்லை'ன்னு போட்டுடறேன். அதுதான் வழக்கம்."

மேகம் இல்லாத ஒரு நாளைக்கூட அவர் விட்டதில்லை. மனைவியை அடக்கம் செய்த மறுநாளும் தனியாக மாடி ஏறி, தானே பார்த்து, தானே எழுதினார். பார்க்கப்படவில்லையாம்.

"அப்படிப் போடாதம்மா" என்றார். "பாத்தேன். தெனம் பாத்தேன். தப்பாப் பாத்தேன்னு போடு."